வானொலிவழித் தூண்டலும் சட்டத் தடையும்: ருவாண்டாவின் ஆர்.டி.எல்.எம். வழக்கை முன்வைத்து ஓர் ஆய்வு

1. பொருளும் வரையறையும்

தீவிரவாதப் பரப்புரை வானொலியைச் சட்டம் தடுக்கலாமா என்ற கேள்வி எழுந்தவுடன் வாதம் இரண்டு பக்கமாகப் பிரிந்துவிடுகிறது. ஒரு சாரார் கருத்துரிமையை முன்வைப்பர். மறு சாரார் பொது அமைதியை முன்வைப்பர். இரு சாராரும் 'தடை' என்பதை ஒற்றைப் பொருளாகக் கொள்வதே இவ்வாதம் முன்னேறாமைக்குக் காரணம் என்பது நம் கருத்து. தடை மூன்று காலங்களில் செயற்படுகிறது: பேச்சுக்கு முன், பேச்சு நிகழும்போது, பேச்சு முடிந்தபின். இம்மூன்றுக்கும் அதிகாரம் வேறு, கருவி வேறு, தவறும் வழியும் வேறு. 1993 ஜூலை முதல் 1994 ஜூலை வரை ருவாண்டாவில் இயங்கிய 'ஆயிரம் குன்றுகளின் சுதந்திர வானொலி தொலைக்காட்சி' என்னும் நிலையத்தின் வரலாறு மூன்றையும் ஒருங்கே காட்டுவதால் அதனையே ஆய்வுக்கு எடுத்துக்கொள்கிறோம். பிரெஞ்சுப் பெயரின் முதலெழுத்துகளால் ஆர்.டி.எல்.எம். என்று உலகம் அதனை அறியும்.

முதலில் மூன்று சொற்களை வரையறுத்துக்கொள்வது இன்றியமையாதது.

வெறுப்புரை: ஒரு மக்கட்பிரிவைப் பிறப்பு, இனம், சமயம் முதலிய அடையாளம் பற்றி இழிவுபடுத்துவது அல்லது அச்சத்துக்குரியதாகக் காட்டுவது. ஒரு செயலைச் செய்யுமாறு அழைக்கும் கூறு இதில் இருந்தாக வேண்டும் என்பதில்லை.

நேரடிப் பொதுத் தூண்டல்: குறிப்பிட்ட குற்றத்தைச் செய்யுமாறு பொதுமக்களை நோக்கி விடுக்கும் அழைப்பு. அழைப்பு விடுத்த அளவிலேயே குற்றம் நிறைவுறும். கேட்டவர் எவரும் கை ஓங்காவிடினும் குற்றம் குற்றமே. இத்தகையதைத் தொடக்கநிலைக் குற்றம் என்போம்.

தூண்டிச் செய்வித்தல்: அழைப்பின் விளைவாகவே குற்றம் நிகழ்ந்தது என்ற காரணத் தொடர்பும் மெய்ப்பிக்கப்பட வேண்டிய குற்றம்.

நீதிமன்றத் தீர்ப்புகளைப் படிப்போர் இவற்றைக் கலந்து படித்தால் தீர்ப்பு முரண்படுவதாகவே தோன்றும். 1948 டிசம்பர் 9 அன்று ஏற்கப்பட்ட இனப்படுகொலைத் தடுப்பு உடன்படிக்கை இரண்டாவதைத்தான் தன் மூன்றாம் உறுப்பில் தண்டனைக்குரியதாக்கிற்று. வெறுப்புரை அங்கே இடம்பெறவில்லை. 1966ஆம் ஆண்டின் குடிமை, அரசியல் உரிமைகள் உடன்படிக்கை தன் இருபதாம் உறுப்பில் ஒரு படி மேலே சென்றது. பகைமையையோ வன்முறையையோ தூண்டும் இன, சமய வெறுப்புப் பரப்பலைச் சட்டத்தால் தடுக்குமாறு அரசுகளைப் பணித்தது. எனினும் இருபதாம் உறுப்பு அரசின் கடமையைக் கூறுவது. தனி மனிதரின் குற்றத்தை வகுப்பது அன்று. இவ்வேறுபாடு பின்னர் ஆர்.டி.எல்.எம். வழக்கில் பெரிதும் முக்கியமாயிற்று.

2. நிலையம் தோன்றிய சூழல்

ஆர்.டி.எல்.எம். தோன்றுவதற்கு ஓராண்டுக்கு முன்பே அரசு வானொலி ஒரு முன்னோட்டத்தைக் காட்டியிருந்தது. ஹூட்டு இனத் தலைவர்களைக் கொல்ல டுட்சி இனத்தார் திட்டமிடுவதாகப் பொய்யான ஓர் அறிக்கையை 1992 மார்ச்சில் ருவாண்டா வானொலி மீண்டும் மீண்டும் வாசித்தது; புகெசேரா பகுதியில் டுட்சிகள் நூற்றுக்கணக்கில் கொல்லப்பட்டனர். அப்போது அரசுத் தகவல் அலுவலகத்தின் இயக்குநராக இருந்த வரலாற்றுப் பேராசிரியர் ஃபெர்டினாண்ட் நஹிமானா அப்பதவியிலிருந்து நீக்கப்பட்டார். அடுத்த ஆண்டு ஏப்ரல் 8 அன்று தனியார் பங்கு நிறுவனமாக ஆர்.டி.எல்.எம். பதிவானபோது அதன் நிறுவனர்களில் ஒருவராக நின்றவர் அவரே. அதிபர் ஹபியாரிமானா முதன்மைப் பங்குதாரர். வணிகர் ஃபெலிசியன் கபூகா நிறுவனத் தலைவர். வெளியுறவு அமைச்சகத்தின் உயர் அலுவலரும் ஹூட்டு தீவிரவாதக் கட்சியான சி.டி.ஆர்.இன் நிறுவனர்களில் ஒருவருமான ஜான்-போஸ்கோ பரயாக்விசா நிர்வாகக் குழுவில் இருந்தார்.

காரணங்களைத் தேடினால் முதலில் நிற்பது அருஷா ஒப்பந்தம். 1993 ஆகஸ்ட் 4 அன்று கையெழுத்தான அவ்வொப்பந்தம் டுட்சிகள் தலைமையேற்ற ருவாண்டா தேசபக்த முன்னணியோடு அதிகாரத்தைப் பகிர வழிசெய்தது. அவ்வாறு பகிர்ந்தால் அரசு வானொலியும் ஒரே அணியின் குரலாக நீடிக்க இயலாது. கைநழுவப்போகும் ஒலிவாங்கிக்கு மாற்றாகத் தனியார் என்ற பெயரில் ஒன்றை முன்கூட்டியே நிறுவிக்கொண்டனர் என்று கொள்வதே பொருத்தமாகப் படுகிறது.

இந்நிலையம் கேட்பதற்கு இனிமையாக இருந்தது என்பதையும் ஆய்வாளர் மறைக்கலாகாது. விறைப்பான அரசு அறிக்கைகளுக்குப் பழகிய காதுகளுக்கு அது சயீர் நாட்டுப் பாட்டும், தெருவில் எடுத்த நேர்காணலும், நேயர் தொலைபேசி அழைப்பும், அறிவிப்பாளரின் கேலிப் பேச்சுமாக வந்தது. கந்தானோ ஹபிமானாவின் நகைச்சுவையை அவர் பகைத்தவர்களும் கேட்டனர். தீவிரவாத ஒலிபரப்பு எப்போதும் கத்திக்கொண்டே இருக்கும் என்று எதிர்பார்க்கும் சட்டம் இத்தகைய நிலையத்தைக் கடைசி நாள்வரை அடையாளம் காணாது.

3. ஒலிபரப்பின் வகைகள்

தான்சானியாவின் அருஷா நகரில் அமர்ந்த ருவாண்டாவுக்கான பன்னாட்டுக் குற்றவியல் தீர்ப்பாயம் ஒலிப்பதிவு நாடாக்களை ஒன்றொன்றாகக் கேட்டது. நஹிமானா, பரயாக்விசா, 'கங்குரா' இதழின் ஆசிரியர் ஹசன் ங்கேசே ஆகிய மூவரையும் ஒருங்கே விசாரித்ததால் அது 'ஊடக வழக்கு' எனப் பெயர்பெற்றது. மூன்று நீதிபதிகள் கொண்ட அவ்வாயத்துக்குத் தலைமை தாங்கியவர் டர்பனில் பிறந்த, தமிழ் வழிவந்த நவநீதம் பிள்ளை; உடன் அமர்ந்த இருவரில் ஒருவர் இலங்கையைச் சேர்ந்த அசோக்க டி சொய்சா குணவர்தன, மற்றவர் நார்வேயின் எரிக் மோசே. 

நாடாக்களிலிருந்து தீர்ப்பாயம் பிரித்துக்காட்டியவற்றை நாம் மூன்று வகையாக அடுக்கலாம்.

முதல் வகை செய்தியும் அனுபவமும். 1993 டிசம்பர் 12 அன்று ஒலிபரப்பான நேர்காணலில் பரயாக்விசா தாம் சிறுவயதில் ஹூட்டு என்பதால் பட்ட அவமதிப்பைக் கூறினார். நீதிபதிகள் அதனை வெறுப்புரையாகக் கொள்ளவில்லை; பாகுபாட்டைப் பற்றிய உள்ளத்தைத் தொடும் தன்வரலாறு என்றே மதித்தனர். நாட்டின் வாடகைக் கார்களில் எழுபது விழுக்காடு டுட்சிகளுக்கு உரியவை என்ற ஒலிபரப்பும் இவ்வகையிலேயே அடங்கிற்று. அது தகவல், சரியா தவறா என்று வாதாடத்தக்கது.

இரண்டாம் வகை பொதுமைப்படுத்தும் பகைமை. பணமெல்லாம் அவர்களிடமே இருக்கிறது என்ற பேச்சு இதில் சேரும். வாடகைக் கார்க் கணக்குக்கும் இதற்கும் இடையே உள்ள தூரம் சிறிதாகத் தோன்றலாம். முன்னதில் சரிபார்க்கத்தக்க எண் உண்டு. பின்னதில் ஓர் இனம் முழுவதன்மேல் மனக்கசப்பை ஏற்றுவதன்றி வேறொன்றும் இல்லை. டுட்சி என்றாலே முன்னணியின் கையாள் என்று சமப்படுத்திய பேச்சும், முன்னணியைச் சுட்டவந்த 'இன்யென்சி' (கரப்பான்பூச்சி) என்ற வசைச்சொல்லை இனம் முழுவதன்மேலும் படரவிட்ட வழக்கமும் இங்கே வரும்.

மூன்றாம் வகை அழைப்பு. தனி மனிதர்களின் பெயரும், சில வேளை வண்டி எண்ணும் வாசிக்கப்பட்டன. 1994 ஜூன் 4 அன்று கந்தானோ ஹபிமானா உயரத்தையும் மூக்கின் வடிவையும் பார்த்து ஆளை அடையாளம் காணுமாறும், பின் அந்த மூக்கை உடைக்குமாறும் நேயர்களுக்குச் சொன்னார். இதனை அழைப்பு எனக் காண்பதற்கு நுண்ணறிவு வேண்டியதில்லை.

இடர்ப்பாடு இடைப்பட்ட பேச்சில்தான் இருக்கிறது. 'வேலை செய்யுங்கள்' என்று ஓர் அறிவிப்பாளர் சொன்னால் அது எதற்கான அழைப்பு? அகயேசு வழக்கில் 1998 செப்டம்பர் 2 அன்று இதே தீர்ப்பாயம் இதற்கு ஓர் அளவுகோலை வகுத்தது: சொல்லின் அகராதிப் பொருளை நோக்காமல், அதனைக் கேட்ட மக்கள் தம் மொழி, பண்பாட்டுப் பின்னணியில் உடனடியாக என்ன பொருள் கொண்டனர் என்பதை நோக்குதல். கேட்போர் பொருள்கோள் என்று நாம் இதற்குப் பெயரிடுவோம். மறைமொழியால் தப்புவதை இவ்வளவுகோல் அடைத்தது. ஆனால் அதற்கு விலையும் உண்டு. கேட்போர் கொண்ட பொருளைச் சாட்சிகள்தாம் கூற வேண்டும். சாட்சிகள் எல்லாம் நடந்து முடிந்தபின் பேசுபவர்கள். அதிபரின் விமானம் வீழ்த்தப்பட்டு டுட்சிகளின் படுகொலை தொடங்கிய 1994 ஏப்ரல் 6க்கு முந்தைய ஒரு சொல்லை ஏப்ரலுக்குப் பின் நினைவுகூர்பவர் அதில் முன்பு இல்லாத பொருளையும் கேட்கக்கூடும். ஊடக வழக்கின் மேல்முறையீட்டு ஆயம் பின்னர் இவ்விடத்திலேதான் தயங்கிற்று.

4. தடையின் மூன்று நிலைகள்

4.1 முன்தடை

முன்தடை என்பது உரிமம், ஒப்பந்தம், எச்சரிக்கை, உரிம நீக்கம் ஆகியவற்றால் ஒலிபரப்பைக் கட்டுப்படுத்துவது. ருவாண்டாவில் இதற்குச் சட்டம் இல்லாமலில்லை. 1991ஆம் ஆண்டின் பத்திரிகைச் சட்டம் இருந்தது. அரசுக்கும் நிலையத்துக்கும் இடையே 1993 செப்டம்பர் 30 அன்று ஓர் ஒப்பந்தமும் ஆயிற்று. தகவல் துறை அமைச்சர் ஃபாஸ்டின் ருகோகோசா அவ்வொப்பந்தத்தைச் சுட்டிக்காட்டி 1993 நவம்பர் 26 அன்றும், 1994 பிப்ரவரி 10 அன்றும் நிலையத்தாரை அழைத்துப் பேசினார். இனப்பகைமையை மூட்டும் ஒலிபரப்பை நிறுத்துமாறு எச்சரித்தார். நிறுவனத் தலைவர் கபூகாவும் நஹிமானாவும் பரயாக்விசாவும் அவர் முன் அமர்ந்திருந்தனர். நிலையம் மாறவில்லை. ஏப்ரல் 7 அன்று அமைச்சரும் அவர் குடும்பத்தாரும் கொல்லப்பட்டனர்.

இந்நிகழ்ச்சியிலிருந்து பெறப்படுவது சட்டக் குறைபாடு அன்று. எச்சரிக்கும் அதிகாரம் அமைச்சரிடம் இருந்தது. நிலையத்தின் பங்கோ அவருக்கு மேலிருந்த அதிபரிடம் இருந்தது. கீழிருப்பவர் மேலிருப்பவரின் உடைமையை மூட இயலாது. முன்தடையின் முதல் நிபந்தனை உரிமம் வழங்கும் அமைப்பு ஆட்சியாளரின் கைக்கு வெளியே நிற்றல் என்பதற்கு இதைவிடத் தெளிந்த சான்று கிடைப்பது அரிது.

4.2 இடைத்தடை

ஒலிபரப்பு நிகழும்போதே அதனைக் குலைப்பது இடைத்தடை. அலையை அலையால் மறித்தல், கருவியைக் கைப்பற்றுதல், நிலையத்தை அழித்தல் என இது மூவகை. ருவாண்டாவில் மூன்றாவது மட்டும் முயலப்பட்டது: 1994 ஏப்ரல் 17 அன்று முன்னணியின் குண்டுவீச்சில் நிலையம் சேதமுற்றது, விரைவிலேயே அது மீண்டும் பேசிற்று, பின்னர் நடமாடும் கருவியாலும் பேசிற்று.

முதலாவதை ருவாண்டாவிலிருந்த ஐ.நா. படைத்தளபதி ரோமியோ டலேர் வேண்டினார். அமெரிக்காவிடம் வானூர்தியிலிருந்து ஒலிபரப்பை மறிக்கும் கருவி இருந்தது. பாதுகாப்புத் துறையின் துணைச் செயலர் ஃபிராங்க் விஸ்னர் 1994 மே 5 அன்று எழுதிய குறிப்பாணை அதனைப் பயனற்றது, செலவு மிக்கது என்று ஒதுக்கிற்று. பறக்கும் மணி ஒன்றுக்கு 8,500 டாலர் ஆகும் என்று கணக்கும் காட்டிற்று. அலையை மறிப்பதைப் பன்னாட்டுச் சட்ட உடன்பாடுகள் சிக்கலாக்கும் என்ற காரணமும் அதில் உண்டு. செலவுக் காரணத்துக்கு நாம் மறுமொழி கூற வேண்டிய அவசியமில்லை. சட்டக் காரணம் ஆராயத்தக்கது. இனப்படுகொலை உடன்படிக்கையின் முதல் உறுப்பு தடுக்கும் கடமையை அரசுகள்மேல் வைக்கிறது; ஐ.நா. சாசனத்தின் ஏழாம் இயலின்படி பாதுகாப்பு அவை இசைவளித்திருந்தால் இறையாண்மைத் தடை விலகியிருக்கும். இசைவு மறுக்கப்படவில்லை, கேட்கப்படவே இல்லை. இங்கே சட்டம் காரணமாகக் காட்டப்பட்டதேயன்றிக் காரணமாக இருந்ததில்லை என்பது நம் முடிவு.

மூன்றாண்டுகள் கழித்து, 1997 அக்டோபர் 1 அன்று, போஸ்னியாவில் நேட்டோ தலைமையிலான படை செர்பியக் குடியரசுப் பகுதியின் தொலைக்காட்சி அஞ்சற்கோபுரங்களைக் கைப்பற்றியது. அங்கே போர் முடிந்திருந்தது. அமைதி ஒப்பந்தம் அதிகாரத்தை முன்கூட்டியே எழுதிவைத்திருந்தது. இடைத்தடை நிகழ வேண்டுமாயின் அதற்கான அதிகாரம் நெருக்கடிக்கு முன்பே எழுத்தில் இருக்க வேண்டும் என்பதே இவ்விரண்டையும் ஒப்பிடுவோர் காண்பது.

4.3 பின்தண்டனை

ஒலிபரப்பாளரைப் பன்னாட்டு நீதிமன்றத்தில் தண்டிக்கும் முயற்சி நியூரம்பர்க்கில் தோல்வியோடு தொடங்கிற்று. இதழாசிரியர் யூலியுஸ் ஸ்ட்ரைகர் 1946இல் தூக்கிலிடப்பட்டார்; நாஜி வானொலிப் பிரிவின் தலைவர் ஹான்ஸ் ஃபிரிட்ஷே விடுதலையானார். கொடுமைகளைச் செய்யத் தூண்டும் நோக்கம் மெய்ப்பிக்கப்படவில்லை என்றது தீர்ப்பு. அரை நூற்றாண்டு கழித்து அருஷாவில்தான் வானொலி மறுபடி கூண்டேறியது. ஆர்.டி.எல்.எம்.மில் பிரெஞ்சில் பேசிய பெல்ஜியக் குடிமகன் ஜார்ஜ் ருஜியு குற்றத்தை ஒப்புக்கொண்டு 2000 ஜூன் 1 அன்று பன்னிரண்டு ஆண்டுச் சிறை பெற்றார்.

ஊடக வழக்கின் முதல் தீர்ப்பு 2003 டிசம்பர் 3 அன்று வந்தது. நஹிமானாவுக்கும் ங்கேசேவுக்கும் வாழ்நாள் சிறை. பரயாக்விசாவுக்கு முப்பத்தைந்து ஆண்டுகள். அத்தீர்ப்பு நிலையத்தின் ஓராண்டு ஒலிபரப்பைத் தொடர்ச்சியான ஒரே பெருக்காகக் கண்டது. 2007 நவம்பர் 28 அன்று மேல்முறையீட்டு ஆயம் அப்பெருக்கைக் காலத்தால் வெட்டிற்று. தீர்ப்பாயத்தின் காலவரம்பு 1994 ஜனவரி 1இல் தொடங்குவதால் அதற்கு முந்தைய பேச்சு குற்றமாகாது. ஜனவரிக்கும் ஏப்ரல் 6க்கும் இடைப்பட்ட பேச்சு வெறுப்புரையாக இருந்தும், நேரடித் தூண்டல் என்று ஐயமற மெய்ப்பிக்கப்படவில்லை. அதிபரின் விமானம் வீழ்த்தப்பட்டபின் வந்தவையே தூண்டலாக நின்றன. நஹிமானாவின் தண்டனை முப்பது ஆண்டுகளாயிற்று; ங்கேசேவுடையது முப்பத்தைந்து; பரயாக்விசாவுடையது முப்பத்திரண்டு.

நஹிமானா ஒலிவாங்கி முன் கொல்லச் சொன்னதில்லை. அவரைப் பிணித்தது மேலாளர் பொறுப்பு என்னும் கோட்பாடு: கீழுள்ளோர் குற்றம் செய்வதை அறிந்தும், தடுக்கும் ஆற்றல் இருந்தும் தடுக்காதவர் அக்குற்றத்துக்குப் பொறுப்பாவார். ஆற்றல் இருந்ததென்று எங்ஙனம் அறிவது? ஐ.நா. படையையும் டலேரையும் தாக்கிய ஒலிபரப்பு பற்றி 1994 கோடையில் முறையீடு எழுந்தபோது நஹிமானா தலையிட்டார், அத்தாக்குதல் நின்றது. அயலாரைத் தாக்குவதை ஒரு சொல்லால் நிறுத்த வல்லவர், டுட்சிகளைக் கொல்லச் சொன்னதையும் நிறுத்தியிருக்க வல்லவரே. அவர் செய்த ஒரே தடை அவர் செய்யாத தடைக்குச் சான்றாயிற்று. ஏப்ரல் 6க்குப் பின் பரயாக்விசாவுக்கு இத்தகைய ஆளுகை இருந்ததாகச் சான்றில்லை. ஆகவே வானொலி பற்றிய அவர் குற்றங்கள் நீங்கின.

வெறுப்புரை மட்டுமே மானுட விரோதக் குற்றமாகுமா என்ற வினாவில் நீதிபதிகள் ஒருமித்தாரல்லர். அவ்வாறு கொள்ளலாகாது என்று தியோடர் மெரோன் தனித் தீர்ப்பு எழுதினார். அரசியல் எதிரியை அடக்க நினைக்கும் ஆட்சிகள் அக்கோட்பாட்டைக் கையிலெடுக்கும் என்னும் கவலையைப் புறந்தள்ள இயலாது.

5. விளைவை அளத்தல்

மக்கள் வானொலியைக் கேட்டுத்தான் கொன்றனரா? எளிய விடை இங்கே இல்லை. குன்றுகள் அலையை மறைத்ததால் சில ஊர்களுக்கு ஆர்.டி.எல்.எம். எட்டியது, அருகிலிருந்த சிலவற்றுக்கு எட்டவில்லை. இத்தற்செயல் வேறுபாட்டைப் பயன்படுத்திப் பொருளியலாளர் டேவிட் யனகிசாவா-டிராட் 2014இல் வெளியிட்ட ஆய்வு, வன்முறையில் பங்குகொண்டோரில் ஏறத்தாழ பத்து விழுக்காட்டினரை நிலையத்தின் தாக்கத்துக்கு உரியவராகக் கணித்தது. அதற்குமுன் 2007இல் ஸ்காட் ஸ்ட்ராஸ், தண்டனை பெற்றோரை நேர்கண்டு, அவர்களை இழுத்தது பெரும்பாலும் அண்டை அயலாரின் நேர்முக அழைப்பும் அச்சமுமே, வானொலியின் பங்கு துணைமையானது என்று முடிவு கண்டிருந்தார். நாம் இரண்டையும் ஒன்றுக்கொன்று பகையாகக் கொள்ளவில்லை. அண்டைவீட்டுக்காரர் வந்து அழைத்தபோது அழைப்புக்கு ஏற்ற சொல்லும் துணிவும் அவரிடம் எப்படி வந்தன என்பதை நேர்காணல் அளக்காது.

சட்டத்துக்கு இவ்வாய்வுகளால் கிடைப்பது வேறொன்று. விளைவை அளப்பது இத்துணை அரிதென்பதாலேயே தூண்டலைத் தொடக்கநிலைக் குற்றமாக 1948இல் வகுத்தது அறிவுடைமை. தூண்டிச் செய்வித்தலை மட்டும் குற்றமாக வைத்திருந்தால், நிலையம் பேசிய ஊரில் நிகழ்ந்த ஒவ்வொரு கொலைக்கும் ஒலிநாடாவுக்கும் முடிச்சுப் போட வேண்டியிருக்கும். பாடகர் சைமன் பிகிண்டி வழக்கிலும் இதே தெளிவு உண்டு. வானொலியில் இடைவிடாது ஒலித்த அவர் பாடல்களுக்காக அவர் தண்டிக்கப்படவில்லை. 1994 ஜூனில் வண்டியின் ஒலிபெருக்கியில் அவரே விடுத்த கொலை அழைப்புக்காக 2008 டிசம்பர் 2 அன்று பதினைந்து ஆண்டுச் சிறை பெற்றார்.

6. தடை எல்லை கடக்கும் இடம்

படுகொலைக்குப் பின் வந்த ருவாண்டா அரசு 2008இல் 'இனப்படுகொலைக் கருத்தியல்' என்பதைக் குற்றமாக்கிற்று. வரையறை அகன்றது: செயலுக்கான அழைப்பு வேண்டியதில்லை, இழிவுபடுத்தலும் கேலியும் போதும். பன்னிரண்டு வயதுக்குக் குறைந்த பிள்ளைகளை மறுவாழ்வு மையத்துக்கு அனுப்பவும் அதில் இடமிருந்தது. எதிர்க்கட்சித் தலைவர் விக்துவார் இங்காபிரே 2010 ஜனவரியில் கிகாலி நினைவிடத்தில் ஹூட்டு பலியானோரையும் நினைவுகூர வேண்டும் என்று பேசினார், பின்னர் தண்டிக்கப்பட்டார். அவருடைய கருத்துரிமை மீறப்பட்டதென்று ஆப்பிரிக்க மனித உரிமை நீதிமன்றம் 2017 நவம்பர் 24 அன்று தீர்ப்பளித்தது. ஆர்.டி.எல்.எம்.மை அன்று மூட இயலாத சட்டம் மெல்லியது. பின்னாளில் ஒரு நினைவேந்தல் உரையைக் கூண்டிலேற்றிய 2008ஆம் ஆண்டுச் சட்டம் பருத்தது. இரண்டிலும் பொதுவாக நிற்பது, எது தூண்டல் என்று முடிவுசெய்யும் அதிகாரம் ஆட்சியாளரிடமே இருந்தது.

2012 அக்டோபரில் ஐ.நா. மனித உரிமை ஆணையர் அலுவலகம் ஒருங்கிணைத்த ரபாத் செயல்திட்டம் இவ்விரு முனைகளுக்கும் இடையில் நிற்க முயல்கிறது. சூழல், பேசுபவரின் நிலை, நோக்கம், உள்ளடக்கமும் வடிவமும், பரவும் எல்லை, தீங்கு நிகழும் வாய்ப்பு என்னும் ஆறையும் ஒருங்கே நிறுத்துப் பார்க்குமாறு அது கூறுகிறது. ஆணையராக அப்போது இருந்தவர் நவநீதம் பிள்ளை. அருஷாவில் அவர் தலைமையில் நிகழ்ந்த பகுப்பாய்வின் சாயலை இதில் காண்பது மிகையாகாது. எனினும் நிறுப்பவர் யார் என்பதை அத்திட்டம் சுயேச்சையான நீதித்துறைக்கு விட்டுவிடுகிறது; அத்தகைய நீதித்துறை இல்லாத நாட்டில்தான் இச்சட்டம் பெரிதும் தேவைப்படுகிறது. இத்துறையில் சட்டம் வரைவோர், தண்டனைப் பிரிவை எடுத்துக்கொள்ளுமுன் உரிமம் வழங்கும் அமைப்பின் நியமன முறையையும், ஒலிபரப்பை உடனே நிறுத்தும் ஆணையைச் சில நாட்களுக்குள் நீதிமன்றம் மறுஆய்வு செய்யும் முறையையும் எழுதி முடிக்குமாறு வேண்டுகிறோம்.